மலைமீது சுமத்தப்படும் பழி: மீரியபெத்தை மண்சரிவும் பொறுப்புப் பற்றிய அறவினாவும்

ஊவா மாகாணத்து மலைகள் தெற்கே வெல்லவாயத் தாழ்நிலத்தை நோக்கிச் சடுதியாக இறங்கும் விளிம்பில் கொஸ்லந்தை என்னும் சிற்றூர் அமைந்துள்ளது. அவ்வூரை அடுத்து, ஒரே மலைத்தொகுதியின் சாரலில், சில மைல்களுக்குள் இரு இடங்கள் உள்ளன. ஒன்று தியலும நீர்வீழ்ச்சி. ஏறத்தாழ 220 மீற்றர் உயரமுள்ள பாறைச் சுவரின் வழியே இறங்கும் அந்நீரைக் காணப் பல திசைகளிலிருந்தும் மக்கள் வருகின்றனர். மற்றையது மீரியபெத்தைத் தோட்டம். 2014 ஆம் ஆண்டு ஒக்ரோபர் 29 ஆம் திகதி காலையில், அத்தோட்டத்திற்கு மேலிருந்த சரிவு மழைநீரில் ஊறிப் பெயர்ந்து வந்து, லயங்களையும் அவற்றுள் இருந்த மனிதரையும் மூடியது. ஏழரை மணியை அண்டிய வேளையாதலின் பாடசாலைக்குப் புறப்பட்டிருந்த பிள்ளைகள் பலர் தப்பினர். திரும்பி வந்தபோது அவர்களுக்கு வீடில்லை; சிலருக்குப் பெற்றோரும் இல்லை.

இறந்தோர் தொகை முதலில் நூற்றுக்கணக்கில் என்று பேசப்பட்டது. பின்னர் அது பெரிதும் குறைக்கப்பட்டது. மண்ணுக்கடியிற் போனவருட் பலருடைய உடல்கள் மீட்கப்படவேயில்லை. அந்த லயங்களில் அன்று எத்தனை பேர் இருந்தனர் என்பதை எவராலும் உடனே சொல்ல இயலவில்லை என்பதை அவ்வெண்களின் தடுமாற்றமே காட்டிற்று.

இத்தகைய அழிவுகளின் பின் வழக்கமாகச் சில தொடர்கள் வழங்கும். “இயற்கை சீறிற்று”, “மலை விழுங்கிற்று”, “மழை பலி கொண்டது” என்பன அவை. இத்தொடர்கள் எல்லாவற்றிலும் எழுவாய் இயற்கையே. எழுவாயாக நிற்பதே வினைமுதல் என்பது இலக்கணத்திற்குப் பொருந்தலாம். அறவியலுக்கும் அது பொருந்துமா? ஆபத்து என்பது மலையின் இயல்பா, அன்றி மனிதர் மலையின்கீழ் வைக்கப்பட்ட முறையின் விளைவா? பின்னையதாயின் அதற்குப் பொறுப்பாளர் எவர்? இவ்வினாக்களை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. அச்சமும் அழகும்

மலையை அஞ்சத்தக்க பொருளாகக் காணும் பார்வை தமிழ் மரபுக்குப் புதியதன்று. குறிஞ்சியைப் பாடிய சங்கப் புலவர்கள் மலையின் வளத்தைப் பாடியவாறே, அங்கு உறையும் சூரையும் அணங்கையும் பாடினர். மலைச்சாரலில் எல்லா இடமும் மனிதனுக்கு உரியதன்று என்ற உணர்வு அப்பாடல்களில் உண்டு. ஒன்றரை நூற்றாண்டுக்கும் முன்னே தென்னிந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்டு இம்மலைகளில் குடியமர்த்தப்பட்ட தொழிலாளரும் இவ்வுணர்வைத் தம்மோடு எடுத்துவந்தனர். மாரியம்மனோடு முனியையும், கவ்வாத்துக்கு ஒரு சாமியையும், தொழிற்சாலைச் சக்கரத்துக்கு ரோதைமுனியையும் நிறுத்தி வழிபட்ட அம்மக்கள், தம்மைச் சூழ்ந்த மலையும் பொறியும் தம் உயிரை எடுக்கவல்லன என்பதை நன்கறிந்திருந்தனர். அவர்களது வழிபாட்டை வெறும் மூடநம்பிக்கை என்று ஒதுக்குவோர், அதனுள் அடங்கியிருந்த உலகியல் அறிவைக் காணத் தவறுகின்றனர்.

மேலைநாட்டு மெய்யியலிலும் இதே பொருள் வேறொரு கோணத்தில் ஆராயப்பட்டுள்ளது. இமானுவேல் கான்ற் 1790 இல் வெளியிட்ட தமது நூலொன்றில், தலைக்குமேல் தொங்கும் பாறைகள், எரிமலைகள், உயரத்திலிருந்து வீழும் பேரருவிகள் ஆகியவற்றை எடுத்துக்காட்டி, அவை எத்துணை அச்சந் தருகின்றனவோ அத்துணைக்கு மனத்தை ஈர்க்கின்றன என்று விளக்கினார். ஆயின் அவர் அதற்கு ஒரு நிபந்தனையும் விதித்தார். காண்பவன் பாதுகாப்பான இடத்தில் நிற்றல் வேண்டும். உண்மையில் அஞ்சிக்கொண்டிருப்பவனால் அவ்வுயர்வைச் சுவைக்க இயலாது.

கான்ற் விதித்த இந்நிபந்தனை ஓர் அழகியல் நுணுக்கமாக மட்டுமே கருதப்பட்டு வந்துள்ளது. கொஸ்லந்தைச் சாரலில் வைத்து நோக்கும்போது அது ஒரு சமூக உண்மையாகவும் மாறுகிறது. தியலுமவின் அடியில் நின்று அண்ணாந்து பார்ப்பவன் சிறிது நேரத்தில் தன் ஊருக்குத் திரும்பிவிடுவான். அவனுக்கு அம்மலை ஒரு காட்சி. லயத்தில் வாழ்பவன் அம்மலையின்கீழ் உறங்கி எழுகின்றான்; மழை வலுக்கும் இரவுகளில் கூரையின் ஓசையை மட்டுமன்றி மலையின் ஓசையையும் கேட்டு விழித்திருக்கின்றான். அவனுக்கு அம்மலை காட்சியன்று. இருப்பிடத்தின் ஒரு சுவர். மலை ஒன்றே, அதிலிருந்து விலகி நிற்கும் உரிமை மட்டும் ஒருவனுக்கு உண்டு, மற்றவனுக்கு இல்லை. ஆகவே ஆபத்து என்பது மலையில் மட்டும் உறையும் ஒரு குணமன்று. மலைக்கும் மனிதனுக்கும் இடையிலான ஓர் உறவு என்பது இங்கு முதலிற் பெறப்படும் முடிபாகும்.

2. இயற்கைத் தீமை எங்கே முடிகிறது?

தீமையை இயற்கைத் தீமை என்றும் மனிதர் இழைக்கும் தீமை என்றும் இரண்டாகப் பகுப்பது மெய்யியலார் வழக்கு. நிலநடுக்கம், பெருவெள்ளம், கொள்ளைநோய் முதலியன முன்னையவை. கொலை, களவு, கொடுங்கோன்மை முதலியன பின்னையவை. 1755 ஆம் ஆண்டு நவம்பர் முதலாம் நாள் லிஸ்பன் மாநகரை அழித்த நிலநடுக்கம் இப்பகுப்பைப் பெரும் விவாதத்துக்கு உள்ளாக்கிற்று. எல்லாம் நன்மைக்கே என்ற கொள்கையைச் சாடி வோல்ற்றேயர் ஒரு பாடல் இயற்றினார். அதற்கு மறுமொழியாக 1756 இல் றூசோ எழுதிய கடிதம் வினாவையே திருப்பிவிட்டது. அந்நகரில் ஆறேழு மாடி வீடுகளை நெருக்கமாகக் கட்டியது இயற்கையன்று என்றும், மக்கள் பரந்து வாழ்ந்திருப்பின் அழிவு வெகுவாகக் குறைந்திருக்கும் என்றும் அவர் சுட்டினார். நிலம் நடுங்கியது இயற்கையால். இத்தனை பேர் மாண்டது மனிதர் வாழ்ந்த முறையால் என்பது அவர் வாதத்தின் சாரம்.

றூசோவின் வினாவை மீரியபெத்தைக்குப் பொருத்திப் பார்த்தல் தகும். ஊவாவின் சரிவுகள் பலவற்றில் பழைய காலச் சரிவுகளில் உருண்டுவந்த கல்லும் மண்ணும் தளர்ந்த படையாகத் திரண்டுள்ளன. நீடித்த மழையில் நீர் அப்படையின் துளைகளை நிரப்புகிறது. நீரின் அழுத்தம் கூடக்கூட, மண்ணையும் அடிப்பாறையையும் பிணித்து வைத்திருந்த உராய்வு குறைகிறது. ஓர் எல்லைக்குமேல் சரிவு தன் பாரத்தாலேயே நகர்கிறது. இது இயற்கையின் ஒழுங்கு. இதில் குற்றம் என்ற சொல்லுக்கு இடமில்லை.

ஆனால் அச்சரிவின்கீழ் மனிதர் வாழ்ந்தது இயற்கையின் ஒழுங்கன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோப்பிக்காகவும், 1869 இல் தோன்றிய இலைநோய் கோப்பியை அழித்தபின் தேயிலைக்காகவும் இம்மலைகளின் காடுகள் வெட்டப்பட்டன. ஆழ வேரூன்றிய மரங்கள் நின்ற இடத்தில் பயிர் வந்தது. கான்கள் ஒழுங்காக வெட்டப்பட்டு, நிலம் நன்கு பேணப்படும் இடத்தில் தேயிலைச் செடியும் மண்ணைக் காக்கும் என்பது உண்மையே. கான்கள் தூர்ந்து, நிலம் கைவிடப்படும்போது மழைநீர் தன் வழியைத் தானே தேடிக்கொள்கிறது. லயங்கள் எங்கே கட்டப்படவேண்டும் என்பதை அவற்றில் வாழ்வோர் தீர்மானிக்கவில்லை. வேலைத்தலத்துக்கு அண்மையும், பயிர்நிலத்தை வீணாக்காமையும் பெரும்பாலும் அதனைத் தீர்மானித்தன. துரையின் பங்களா காற்றும் காட்சியும் நோக்கி மேட்டில் அமைந்தது. லயம் கிடைத்த இடத்தில் அமைந்தது.

ஆகவே மீரியபெத்தையில் இயற்கைத் தீமை எங்கே முடிகிறது, மனிதத் தீமை எங்கே தொடங்குகிறது என்று கோடிட்டுப் பிரிப்பது எளிதன்று. மழையை எவரும் பெய்விக்கவில்லை; மழைக்குக் கீழே மனிதரை வைத்தவர் உண்டு.

3. ஊழ் என்னும் விடை

இவ்விடத்தில் தமிழர் மரபிலிருந்தே ஒரு மறுப்பு எழலாம். யாவும் ஊழின்வழி நிகழ்வன. மாண்டோர் விதி அவ்வாறு இருந்தது. இதில் பொறுப்பு ஆராய்வது வீண் என்பது அது. இழந்தவர் தம் துயரைத் தாங்கிக்கொள்வதற்காக இச்சொல்லைப் பற்றுவாராயின் அதனைப் பழித்தல் கூடாது. ஆயின் இழக்கச் செய்தவரும், காக்கும் கடமை உடையவரும் அதே சொல்லைக் கூறும்போது அது வேறு பொருளைப் பெறுகிறது. ஒருவருக்கு ஆறுதலாக உள்ள சொல் மற்றவருக்கு ஒளிவிடமாகிறது.

மரபை நுணுகி நோக்குவோர்க்கு அது இவ்வளவு எளிதாக ஒளிவிடம் தருவதாகத் தோன்றாது. வள்ளுவர் அறத்துப்பாலின் இறுதியில், 38 ஆம் அதிகாரத்தில், ஊழின் வலிமையைக் கூறுகின்றார். அவரே 62 ஆம் அதிகாரமாகிய ஆள்வினையுடைமையில் ஊழையும் பின்வாங்கச் செய்யும் முயற்சியைப் பேசுகின்றார். இவ்வதிகாரம் பொருட்பாலின் அரசியற் பகுதியில் வைக்கப்பட்டுள்ளமை கருதத்தக்கது. ஊழைக் காரணங்காட்டி ஓயாது முயலுதல் ஆள்வோனுக்கு வேண்டப்படும் பண்புகளுள் ஒன்றாகிறது.

சிலப்பதிகாரம் இன்னும் தெளிவான சான்று. ஊழ்வினையின் ஆற்றலை உணர்த்துவதைத் தன் நோக்கங்களுள் ஒன்றாகவே அக்காப்பியம் கொண்டுள்ளது. ஆயினும் கணவன் கொலையுண்டதை அறிந்த கண்ணகி, இது விதி என்று வீட்டில் இருந்துவிடவில்லை. சிலம்பை ஏந்தி அரசவைக்குச் சென்றாள். பாண்டியனும் ஊழைக் காட்டித் தப்ப முயலவில்லை. தவறு தன்னுடையது என ஏற்று உயிர்விட்டான். கோவலனின் முற்பிறப்பு வினையை மதுராபதித் தெய்வம் கண்ணகிக்குக் கூறுவது இவை யாவும் முடிந்தபின்னரே. வழக்கு முன்னே, விளக்கம் பின்னே என்பது இளங்கோ வைத்த முறை. நீதி ஆராயப்பட்டு முடியும்வரை ஊழ் அவையில் ஒரு வாதமாக நுழையவில்லை. மீரியபெத்தையைப் பற்றிப் பேசுவோர் பலர் இம்முறையைத் தலைகீழாக்கி, வழக்கு எழுமுன்னரே விளக்கத்தைக் கூறிவிடுகின்றனர்.

4. எச்சரிக்கையும் தெரிவும்

இரண்டாவது மறுப்பு இன்னும் வலியது. தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் 1990 களிலேயே பதுளை, நுவரெலியா மாவட்டங்களில் மண்சரிவு அபாய வலயங்களை வரைபடமாக்கத் தொடங்கியது. மீரியபெத்தை மக்கள் அவ்விடத்திலிருந்து அகற்றப்படவேண்டும் என்று 2005 இலும் 2011 இலும் எச்சரிக்கப்பட்டதாக அழிவின்பின் பரவலாகத் தெரியவந்தது. எச்சரிக்கை இருந்தும் மக்கள் வெளியேறவில்லை. ஆகவே விளைவுக்கு அவர்களும் பொறுப்பாளர் என்பது இம்மறுப்பின் வடிவம்.

இதனைத் தீர்க்க, தெரிவு என்றால் என்ன என்பதை ஆராய்தல் வேண்டும். அரிஸ்ரோட்டில் தமது ஒழுக்கவியல் நூலில் ஒரு மாலுமியின் நிலையை எடுத்துக்காட்டுகின்றார். புயலில் அகப்பட்ட கப்பலைக் காக்க அவன் சரக்குகளைக் கடலில் வீசுகின்றான். எவரும் விரும்பிச் சரக்கை வீசார். எனினும் அவ்வேளையில் அதனைத் தெரிந்தே செய்கின்றான். இத்தகைய செயல்களை விருப்பமும் விருப்பமின்மையும் கலந்தனவாக அவர் கொண்டார். அவற்றைப் புகழவும் இகழவும் முற்படுமுன் சூழ்நிலையை நோக்கவேண்டும் என்பது அவர் கருத்து.

லயத்தை விட்டுப் போகாத தொழிலாளியின் தெரிவும் இத்தகையதே. அவன் அறியாமையால் அங்கிருந்தான் என்று கூறுவது அவனை இழிவுபடுத்துவதாகும். மழைக்காலத்து மலையை அவனைவிட நன்கறிந்தவர் எவருமில்லர். அவனுக்கு வேறு தெரிவே இருக்கவில்லை என்று முற்றாகக் கூறுவதும் அவனை ஒரு பொருளாக்கிவிடும். அவன் தெரிந்தான், ஆயின் அவன்முன் வைக்கப்பட்ட தெரிவுகள் எவை? 1948 ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரிற் பெரும்பான்மையோரை நாடற்றவராக்கிற்று. எஞ்சியிருந்த நாடற்றோர்க்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003 இலேயே வந்தது. 1972 ஆம், 1975 ஆம் ஆண்டுகளின் காணிச் சீர்திருத்தங்களில் தோட்டங்கள் அரசுடைமையாயின; 1992 இல் அவற்றின் முகாமை கம்பனிகளிடம் சென்றது. கைமாறிய ஒவ்வொரு தடவையும் நிலத்துக்குப் புதிய உரிமையாளரோ முகாமையாளரோ வந்தனர். லயத்தில் வாழ்ந்தவர் மட்டும் உரிமையாளராகவில்லை. அவர்களது வீடு வேலையோடு ஒட்டியிருந்தது. வீட்டை விட்டால் வேலை, வேலையை விட்டால் வீடு, இரண்டையும் விட்டால் பிள்ளைகளின் பாடசாலை, அயல், கோயில், முன்னோரைப் புதைத்த மண் யாவும் போகும்.

“வெளியேறுங்கள்” என்ற சொல், செல்ல இடமுள்ளவனுக்கு எச்சரிக்கை. செல்ல இடமற்றவனுக்கு அது வெறும் ஒலி. முடியாததைக் கடமையாக விதித்தல் ஆகாது என்பது அறவியலில் பலரும் ஏற்கும் விதி. அரிஸ்ரோட்டிலின் உவமைக்கும் இந்நிலைக்கும் ஒரு வேறுபாடும் உண்டு. மாலுமியை நெருக்கிய புயலை எவரும் உண்டாக்கவில்லை. தொழிலாளியை நெருக்கியது மழை மட்டுமன்று, நிலமின்மை. அந்நிலமின்மை சட்டங்களாலும் ஒப்பந்தங்களாலும் ஆண்டாண்டாக உருவாக்கப்பட்டது. தெரிவைச் செய்தவனிலும், அத்தெரிவுகளை அவ்வளவு குறுக்கி வைத்தவர்மீதே பொறுப்பின் பெரும்பங்கு சாரும்.

5. பலர் கைப்பட்ட பொறுப்பு

அவ்வாறாயின் அப்பொறுப்பு எவருடையது? தோட்டத்தை நடத்தியவர், நிலத்துக்கு உரிய அரசு, அபாயத்தை அறிந்த திணைக்களங்கள், தொழிலாளரின் சந்தாவைப் பெற்ற தொழிற்சங்கங்கள், அவர்களது வாக்கைப் பெற்ற அரசியலாளர் எனப் பட்டியல் நீளும். பலருக்குரிய பொறுப்பு எவருக்கும் உரியதன்று என்ற மயக்கம் இங்கேதான் தோன்றுகிறது. ஒவ்வொருவரும் தமக்கு அடுத்தவரைச் சுட்ட, சுட்டுவிரல் வட்டமாகச் சுற்றி இறுதியில் மலையை நோக்கி நிற்கும்.

வேல்ஸ் நாட்டின் அபர்வான் ஊரில் 1966 ஒக்ரோபர் 21 ஆம் நாள் காலையில், நிலக்கரிச் சுரங்கக் கழிவுக் குவியலொன்று மழைநீரில் ஊறிச் சரிந்து பாடசாலையை மூடியது. இறந்த 144 பேரில் 116 பேர் பிள்ளைகள். மரண விசாரணையின்போது ஒரு தந்தை எழுந்து, தம் பிள்ளை நிலக்கரிச் சபையால் உயிரோடு புதைக்கப்பட்டதென்று பதிவுசெய்ய வேண்டினார். 1967 இல் வெளிவந்த விசாரணை மன்றத்தின் அறிக்கை தேசிய நிலக்கரிச் சபையைக் குற்றஞ்சாட்டிற்று. அபர்வானில் சரிந்தது மனிதர் குவித்த மேடு, மீரியபெத்தையில் சரிந்தது இயற்கையான மலை என்று வேறுபடுத்தலாம். ஆயின் சபைமீது பழி வந்தது மேட்டை உண்டாக்கியதற்காக மட்டுமன்று. அத்தகைய மேடுகளைக் கண்காணிக்க ஒழுங்கான திட்டம் எதனையும் வைத்திராமைக்காகவுமாகும். அறியவேண்டியதை அறியாமையும், அறிந்ததைச் செய்யாமையும் குற்றமே என்ற அந்நெறி இயற்கை மலைக்கும் பொருந்தும். அபர்வானில் பாடசாலையில் இருந்த பிள்ளைகள் மாண்டனர். மீரியபெத்தையில் பாடசாலைக்குப் போன பிள்ளைகள் பிழைத்தனர். இரண்டிடத்திலும் பிள்ளைகள் எங்கே இருத்தல் பாதுகாப்பானது என்பதை அறிந்திருக்கவேண்டியவர் பிள்ளைகள் அல்லர்.

பொறுப்பைப் பகிரும் முறைக்குத் தேர்த்திருவிழா ஓர் உவமை தரும். வடத்தை ஆயிரம் பேர் இழுக்கின்றனர். தேர் நிலைதவறி ஒருவர்மீது ஏறுமாயின், இழுத்த ஆயிரவருக்கும் அதில் ஒரு சிறுபங்கு உண்டு. ஆயினும் சக்கரத்தின் அருகே முட்டுக்கட்டையுடன் நின்றவரின் பங்கு வேறு. தேரை நிறுத்தும் ஆற்றல் அவர் கையில் இருந்தது. அதுபோல், பலர் கைப்பட்ட தீமையில் பொறுப்பு சமமாகப் பிரிவதில்லை. தடுக்கும் ஆற்றலும் அறிவும் எங்கு கூடுதலோ அங்கு அது கூடுதலாகச் சேர்கிறது. மலையக மக்களின் உழைப்பால் வந்த தேயிலையை அருந்தும் சமூகம் முழுமைக்கும் வடத்தைப் பிடித்தோரின் பங்கு உண்டு. நிலத்தையும் நிதியையும் சட்டத்தையும் கையில் வைத்திருப்போர்க்கு முட்டுக்கட்டையின் பங்கு உண்டு.

6. முடிவுரை

இவ்வாதத்துக்கு எதிராக இறுதியாக ஒன்று கூறப்படலாம். எந்தச் சரிவு எந்த நாளில் எந்த மணியில் பெயரும் என்று எவராலும் கூற இயலாது. ஆகவே பொறுப்புச் சுமத்துவது நிகழ்ந்தபின் தோன்றும் ஞானமே என்பது அது. நாளும் மணியும் கூற இயலாது என்பது மெய்யே. ஆயினும் இடத்தைக் கூற இயன்றது; கூறவும் பட்டது. ஓர் இடம் அபாயமானது என்று வரைபடத்தில் நிறமிடுவது வெறும் அறிவியற் செயலன்று. அது ஓர் அறச்செயலுமாகும். நிறமிட்ட கணத்திலிருந்து அறியாமை என்னும் தடையுரை இல்லாமற் போகிறது. பண்டையோர் அணங்குறையும் இடமென்று விலகிச் சென்றனர். இன்றையோர் அதே இடத்தைச் செந்நிறத்தாற் குறிக்கின்றனர். விலகிச் செல்ல நிலம் கொடாது நிறம் மட்டும் கொடுப்பது, அச்சத்தைக் கொடுத்து வழியை அடைப்பதற்கு ஒப்பாகும்.

மீரியபெத்தையில் எஞ்சியோர் தற்காலிக இடங்களில் காத்திருந்து, 2016 இல் புதிய வீடுகளைப் பெற்றனர். இறந்தோர்க்குக் கிடைக்காத பாதுகாப்பான நிலம் எஞ்சியோர்க்குக் கிடைத்தது என்பதே அந்நிலம் முன்னரும் இருந்தது என்பதற்குச் சான்று. 2025 நவம்பர் இறுதியில் ‘டித்வா’ புயலோடு வந்த மழையில் நாடெங்கும் அறுநூறுக்கு மேற்பட்டோர் மாண்டனர்; பதுளை, கண்டி, நுவரெலியா மாவட்டங்களின் சரிவுகள் அதிற் பெரும்பங்கு கொண்டன. அம்மழையின் கடுமையை எவரும் மறுத்தல் இயலாது. அதன்பின்னும் மலையே பழியை ஏற்றது.

மலைக்கு அறமில்லை, ஆகவே அதற்குக் குற்றமும் இல்லை. அது வாக்குக் கொடுப்பதில்லை, வாக்கை மீறுவதுமில்லை. அறமும் குற்றமும் உடையவர் மனிதரே. மலையை எழுவாயாக்கிப் பேசும் வழக்கத்தை விடுத்து, “இன்னார் இன்ன இடத்தில் இன்னாரைக் குடியிருத்தினர், இன்னது தெரிந்தும் இன்னது செய்திலர்” என்று பேசக் கற்றல் இத்துறையில் முதற்படியாகும். அவ்வாறு பேசத் தொடங்கும்போது துயரம் குறையாது. ஆனால் அடுத்த மழைக்கு முன் யார் எதனைச் செய்தல் வேண்டும் என்ற வினாவுக்கு விடை கூற வேண்டியவர்களின் பெயர் தெளிவாகும். பதுளை மாவட்டத்துச் சரிவுகளின்கீழ் இன்றும் லயங்கள் உள. அவற்றுள் மனிதர் உளர். அவ்வினாவுக்கான விடை அவர்கள் உயிரோடிருக்கும்போதே வருதல் வேண்டும்.